ஓவியத்தைப் படமாக்குவது: மோண்ட்ரியனோடு ஒன்றரை நிமிடம்

நான் முதன்முதலில் எடுத்த 'ஓவியப் படம்' நாலரை நிமிடம் ஓடும். இணையத்திலிருந்து இறக்கிய பதினெட்டு ஓவியங்கள், ஒவ்வொன்றின் மேலும் மெதுவாக ஊர்ந்துபோகும் கேமரா, பின்னணியில் வயலின். நண்பன் ஒருவனுக்குப் போட்டுக் காட்டினேன். பொறுமையாக முழுதும் பார்த்துவிட்டு, "கல்யாண வீடியோவுல கடைசியா ஆல்பம் காட்டுவாங்களே, அந்த மாதிரி இருக்குடா" என்றான். கோபமாக வந்தது. இரண்டு நாள் கழித்துத் தனியாகப் போட்டுப் பார்த்தேன். சரியாகத்தான் சொல்லியிருக்கிறான்.

அந்தப் படத்தில் ஓவியரின் ஓவியங்கள் எல்லாம் இருந்தன, அவர் செய்த வேலை மட்டும் இல்லை. கோடு எங்கே தொடங்க வேண்டும், எந்த நிறத்தை விலக்க வேண்டும், எதைத் திருப்பிச் செய்ய வேண்டும் என்று ஒரு நவீன ஓவியர் வரிசையாக முடிவுகள் எடுத்திருப்பார். நாம் படமாக்க வேண்டியது அந்த முடிவுகளைத்தான். இதைப் புரிந்துகொள்ள எனக்கு மூன்று படங்கள் வீணாயின. உங்களுக்கு ஒன்றோடு முடியட்டும் என்றுதான் இதை எழுதுகிறேன்.

எடுத்துக்காட்டாக ஒரே ஒரு ஓவியம்: டச்சு ஓவியர் பியெட் மோண்ட்ரியன் 1942–43இல் நியூயார்க்கில் வரைந்த 'பிராட்வே பூகி வூகி'. நமக்கு வேண்டியது ஒரு கைபேசி, மேசை, ட்ரைபாட், மின்சாரச் சாமான் கடையில் கிடைக்கும் டேப், இரண்டு ராத்திரி. கையில் வருவது 90 வினாடி ஸ்டாப் மோஷன் படம்: டேப் துண்டுகளைக் கொஞ்சம் கொஞ்சமாக நகர்த்தி, ஒவ்வொரு நகர்வையும் ஒரு புகைப்படமாக எடுத்து, எல்லாவற்றையும் வரிசையாக ஓட்டுவது.

ஓவியரை எடுக்காதீர்கள், ஓவியத்தை எடுங்கள்

"மோண்ட்ரியனைப் பற்றி ஒரு படம்" என்று தொடங்கினால் ஆவணப்படத்தில் போய் முடியும். 1872இல் நெதர்லாந்தில் பிறந்தார், பாரிசில் இருந்தார், போர் வரும்போல் இருந்ததும் 1938இல் லண்டன் போனார், குண்டு விழத் தொடங்கியதும் 1940இல் நியூயார்க்குக்குக் கப்பல் ஏறினார், 1944 பிப்ரவரியில் இறந்தார். இதெல்லாம் தெரிந்திருக்கட்டும், படத்தில் வர வேண்டியதில்லை.

ஓவியத்தைத் தேர்ந்தெடுத்த பிறகு கைபேசித் திரையில் பார்ப்பதோடு நிறுத்தாதீர்கள். அசல் 127 சென்டிமீட்டர் சதுரம், நம் வீட்டுச் சாப்பாட்டு மேசை அளவு. நியூயார்க் நவீனக் கலை அருங்காட்சியகத்தில் இருக்கிறது. பயணச்சீட்டு நமக்குக் கட்டுப்படியாகாது, ஆகவே கடையில் கிடைக்கும் மிகப் பெரிய தாளில் அச்செடுத்துச் சுவரில் ஒட்டுங்கள். எதிரே நாற்காலி போட்டு இருபது நிமிடம் உட்காருங்கள். முதல் ஐந்து நிமிடம் போரடிக்கும். எட்டாவது நிமிடம் வாக்கில் கண் தானாக எங்கேயோ ஓட ஆரம்பிக்கும். எங்கே ஓடுகிறது, எங்கே முட்டி நிற்கிறது, எதன் மேல் தாவுகிறது என்று ஒரு தாளில் குறியுங்கள். ஒரு கட்டுப்பாடு மட்டும்: வினைச்சொற்களாக எழுதுங்கள். 'மஞ்சள், சதுரம், அழகு' என்று எழுதினால் அதை வைத்து ஒரு ஷாட்கூட வைக்க முடியாது. 'தாவுகிறது, முட்டுகிறது, காத்திருக்கிறது, விட்டுவிட்டு எரிகிறது' என்று எழுதினால் பாதிப் படம் எழுதியாகிவிட்டது.

அப்புறம் அச்சைத் தலைகீழாக ஒட்டி இன்னொரு பத்து நிமிடம். இது விளையாட்டில்லை. இதே ஓவியர் 1941 வாக்கில் டேப் ஒட்டிச் செய்த 'நியூயார்க் சிட்டி 1' என்ற படைப்பு பல பத்தாண்டுகளாகத் தலைகீழாகவே மாட்டப்பட்டிருந்தது என்று அது இருக்கும் டுஸ்ஸல்டோர்ஃப் அருங்காட்சியகமே 2022இல் சொன்னது. திருப்பி மாட்டினால் பழைய டேப் உதிர்ந்துவிடும் என்பதால் அப்படியே விட்டுவிட்டார்கள். தலைகீழாகப் பார்க்கும்போது எது மாறுகிறது, எது மாறாமல் நிற்கிறது என்று கவனியுங்கள். மாறாமல் நிற்பதுதான் ஓவியத்தின் எலும்பு.

விதிகளை எழுதுங்கள்

சோதனைப் படம் என்றால் விதி இல்லாத படம் என்று நினைத்துக்கொண்டுதான் பலர் வருகிறார்கள். கதை இல்லை, நடிகர் இல்லை, வசனம் இல்லை. விதியும் இல்லையென்றால் பார்ப்பவர் எதைப் பிடித்துக்கொண்டு உட்காருவார்?

மோண்ட்ரியனிடம் விதிகளுக்குப் பஞ்சமில்லை. சாய்கோடு கிடையாது, படுக்கை, நெடுக்கை மட்டும். சிவப்பு, மஞ்சள், நீலம், அவற்றோடு கறுப்பு, வெள்ளை, சாம்பல். பச்சைக்கு இடமில்லை. ஆழம் காட்டக் கூடாது, எல்லாம் ஒரே தளத்தில் இருக்க வேண்டும். 'டி ஸ்டைல்' என்ற நெதர்லாந்துக் கலைக் குழுவில் கூட இருந்த தேயோ ஃபான் டூஸ்பர்க் தன் ஓவியங்களில் சாய்கோட்டைக் கொண்டுவந்தது, இருவரும் பிரிந்துபோனதற்கு ஒரு காரணமாகச் சொல்லப்படும். ஒரு கோட்டுக்காக நட்பை விடுகிற மனிதர்!

இப்போது அவரது இரண்டு ஓவியங்களைப் பக்கத்தில் பக்கத்தில் வையுங்கள். சூரிக்கில் இருக்கும் 1930ஆம் ஆண்டு ஓவியத்தில் தடித்த கறுப்புக் கோடுகள். வலப்பக்கம் மேலே பெரிய சிவப்பு, இடப்பக்கம் கீழே நீலம், மூலையில் கொஞ்சூண்டு மஞ்சள். எல்லாம் அசையாமல் நிற்கும். பன்னிரண்டு ஆண்டு கழித்து பிராட்வேயில் கறுப்புக் கோடே காணோம். கோடுகள் மஞ்சளாகிவிட்டன. அந்த மஞ்சளும் முழுசாக ஓடவில்லை. சின்னச் சின்னச் சிவப்பு, நீல, சாம்பல் சதுரங்கள் குறுக்கே வந்து அதைத் துண்டுதுண்டாக வெட்டுகின்றன. விதி ஒன்றேதான், ஆனால் முன்பு நின்றது இப்போது ஓடுகிறது. எழுபது வயதில் ஒருவர் தன் கையெழுத்தையே மாற்றியிருக்கிறார். படத்துக்கு இந்த ஓவியத்தை நான் எடுத்ததற்குக் காரணம் அதுதான்.

ஒவ்வொரு விதிக்கும் எதிரே சினிமாவில் அதற்கு என்ன ஈடு என்று எழுதுங்கள். சாய்கோடு கிடையாது என்றால் கேமரா மேசைக்கு நேர் செங்குத்தாக மேலே நிற்க வேண்டும். கொஞ்சம் சாய்ந்தாலும் சதுரம் சரிவகமாகிச் சாய்கோடு உள்ளே வந்துவிடும். ஆழம் கூடாது என்றால் நிழல் விழக் கூடாது, அகலக் கோண லென்ஸ் கூடாது. கைபேசியில் இரண்டு மடங்கு லென்ஸ் இருந்தால் அதைப் போட்டுத் தள்ளி வையுங்கள். ஓவியம் சதுரம், ஆகவே சட்டகமும் சதுரம், 1:1. பச்சை கிடையாது என்றால் மேசை ஓரத்துத் துளசிச் செடியைத் தூக்கி வெளியே வையுங்கள். நான் வைக்கவில்லை. அதன் பச்சைச் சாயல் வெள்ளைப் பலகையின் ஒரு மூலையில் விழுந்து நாற்பது புகைப்படம் கெட்டது.

எல்லா விதியையும் தூக்கிக்கொண்டு வர வேண்டியதில்லை. மூன்றோ நாலோ போதும். மிச்சத்தைத் தெரிந்தே மீறுங்கள், எதை மீறினீர்கள் என்று குறித்து வையுங்கள்.

சந்திப்பில் யார் முதலில் போவது?

இந்த வேலையில் மூளைக்கு வேலை வைப்பது இந்த இடம்தான், அதனால் இங்கே கொஞ்சம் நிற்கிறேன்.

பிராட்வே ஓவியத்தில் ஒரு படுக்கை மஞ்சளும் ஒரு நெடுக்கை மஞ்சளும் வெட்டிக்கொள்ளும் இடத்தை உற்றுப் பாருங்கள். பல சந்திப்புகளில் ஒரு சின்னச் சதுரம் இருக்கிறது; சிவப்போ நீலமோ சாம்பலோ. அந்தச் சதுரம் எந்தக் கோட்டுடையது? ஓவியத்தில் அந்தக் கேள்விக்கு அவசியமே இல்லை, அது ஒரே சமயத்தில் இரண்டு கோட்டுக்கும் சொந்தம். ஆனால் நீங்கள் அதைக் காலத்துக்குள் கொண்டுவந்த உடனே சிக்கல் தொடங்குகிறது. இடமிருந்து ஒரு மஞ்சள் ஓடி வருகிறது, மேலிருந்து ஒன்று இறங்குகிறது. சந்திப்புக்கு எது முதலில் வந்து சேரும்? இரண்டாவதாக வருவது நிற்குமா, தாண்டுமா, முதலாவதை அழித்துவிட்டுப் போகுமா? ஓவியர் எடுக்காத ஒரு முடிவை நீங்கள் எடுத்தாக வேண்டும். பிரதி எடுப்பதும் வேறு ஊடகத்துக்குப் பெயர்ப்பதும் பிரிகிற இடம் இது.

நான் மூன்று விதமாகச் செய்து பார்த்தேன். முதலில் இரண்டு கோடும் சரியாக ஒரே ஃபிரேமில் வந்து முட்டும்படி. பார்க்கக் கச்சிதமாக இருந்தது, ஆனால் சுவர்க்கடிகாரம் மாதிரி. மூன்றாவது சந்திப்பிலேயே அடுத்தது என்னவென்று தெரிந்துபோயிற்று. இரண்டாவதாக, ஒரு கோடு முழுக்க ஓடி முடிந்த பிறகே அடுத்தது. இது வரைபடம் போடுவதுபோல் ஆகிவிட்டது. மூன்றாவது பிடித்தது: இடமிருந்து வரும் மஞ்சள் சந்திப்புக்கு ஒரு கட்டம் முன்னால் நின்றுவிடும். அரை வினாடிகூட இல்லை. சந்திப்பில் சிவப்புச் சதுரம் தோன்றும். மேலிருந்து வந்தது அதைத் தொட்டுவிட்டுக் கீழே இறங்கும். அப்புறம்தான் நின்றது கிளம்பும், கிளம்பும்போது சிவப்பு நீலமாகியிருக்கும். அந்த ஒரு கட்டத் தயக்கத்தில் படத்துக்கு உயிர் வந்தது. போட்டுப் பார்த்தவர்கள் பாதிப் பேர் 'டிராபிக் சிக்னல்' என்றார்கள். நான் அதை நினைக்கவில்லை, ஆனால் மன்ஹாட்டன் தெருக் கட்டத்தை மனதில் வைத்து வரைந்த ஓவியம்தானே, தப்பில்லை.

உங்கள் படத்தில் வேறு முடிவு வரலாம். எடுத்த முடிவை ஒரு வாக்கியமாக எழுதிச் சுவரில் ஒட்டிவிட்டுப் படப்பிடிப்பைத் தொடங்குங்கள். நடு ராத்திரி இருநூறாவது புகைப்படத்தில் மூளை ஓடாது, அந்த வாக்கியம்தான் துணை.

கணக்கு

பூகி வூகி என்பது பியானோவில் வாசிக்கும் ப்ளூஸ் வகை. இடது கை ஒரு தாளத்துக்கு எட்டு அடியாக ஒரே வடிவத்தை விடாமல் திருப்பித் திருப்பி வாசிக்கும், வலது கை அதன் மேல் இஷ்டத்துக்கு அலையும். நியூயார்க் வந்த மோண்ட்ரியனுக்கு இதன் மேல் பித்து. மெட்டை உடைப்பதும் தான் இயற்கைத் தோற்றத்தை உடைப்பதும் ஒரே வேலை என்ற பொருளில் பேசியிருக்கிறார். இதிலிருந்து படத்துக்கு இரண்டு விஷயம் கிடைக்கிறது. ஒன்று, மஞ்சள் கோடுகள் இடது கை, சின்னச் சதுரங்கள் வலது கை. கோடு விதிப்படி நகரட்டும், சதுரம் விதியை மீறட்டும். இன்னொன்று ஒலியைப் பற்றியது, பிறகு வருகிறேன்.

வினாடிக்கு 25 ஃபிரேம் வையுங்கள். நிமிடத்துக்கு 150 அடி என்று வேகம் வைத்தால் ஓர் அடிக்குச் சரியாக 10 ஃபிரேம், அரை அடிக்கு 5. ஒரு புகைப்படத்தை 5 ஃபிரேம் நிறுத்தினால் 90 வினாடிக்கு 450 புகைப்படங்கள். மென்மையான அசைவு வேண்டுமென்று ஒவ்வொன்றையும் 2 ஃபிரேம் மட்டும் நிறுத்தப் போனால் 1,125. முதல் படத்துக்கு 450 போதும். இந்த ஓவியத்துக்கு வெட்டி வெட்டித் தாவும் அசைவுதான் பொருத்தமும்கூட. ஒரு புகைப்படத்துக்கு அரை நிமிடம் என்றாலும் நாலு மணி நேரம் ஆகும். எனக்கு இரண்டு ராத்திரி ஆயிற்று, அதில் ஒன்று மின்விசிறியால் போனது. அதைச் சொல்கிறேன்.

மேசையில்

மோண்ட்ரியன் நியூயார்க்கில் நிற டேப்புகளைத் துணியில் ஒட்டி, பிடிக்கவில்லையென்றால் பிய்த்து நகர்த்தி ஒட்டி, அதற்குப் பிறகுதான் சாயத்துக்குப் போவார். முடிக்காமலே விட்டுப்போன 'விக்டரி பூகி வூகி'யில் அந்தத் துண்டுகள் இன்னும் ஒட்டிக்கொண்டிருக்கின்றன. ஹேக் நகர அருங்காட்சியகத்தில் இருக்கிறது. அதாவது அவரே ஒரு வகையில் ஸ்டாப் மோஷன்தான் செய்துகொண்டிருந்தார், கேமராதான் இல்லை.

நமக்கு மின்சாரச் சாமான் கடையின் இன்சுலேஷன் டேப். போய், "ஆர் ஒய் பி மூணு கலரும் குடுங்கண்ணா" என்றால் சிவப்பு, மஞ்சள், நீலம் மூன்றையும் எடுத்து வைப்பார். மும்முனை மின்சாரத்தின் நிறங்களும் மோண்ட்ரியனின் நிறங்களும் ஒன்றாக இருப்பது தற்செயல்தான், ஆனாலும் அந்தக் கல்லாவில் நின்றபோது எனக்குக் கொஞ்சம் சிலிர்த்தது.

டேப்பை நேரே பலகையில் ஒட்டாதீர்கள். அது ரப்பர்போல இழுபடும். இழுத்து ஒட்டினால் பத்து நிமிடத்தில் மெல்லச் சுருங்கி ஓரம் நகரும். கண்ணுக்குத் தெரியாது, படத்தை ஓட்டினால் கோடு புழுமாதிரி நெளியும். மெல்லிய அட்டையில் இழுக்காமல் ஒட்டி, அட்டையோடு சேர்த்துப் பட்டைகளாகவும் சதுரங்களாகவும் வெட்டிக்கொள்ளுங்கள். அட்டையை நகர்த்துவது சுலபம், திரும்பத் திரும்பப் பயன்படும். சாம்பலுக்குச் சார்ட் தாள். அடித்தளத்துக்கு வெள்ளை சன்மைக்கா ஒட்டிய பலகை, 60 சென்டிமீட்டர் சதுரம் போதும். பென்சிலால் மெலிதாகக் கட்டம் போட்டுக்கொண்டால் பட்டை கோணாமல் உட்காரும்.

டேப் பளபளக்கும். விளக்கை நேர் மேலே வைத்தால் ஒவ்வொரு பட்டையிலும் வெள்ளைக் கீற்று விழும். ஒரே மாதிரி இரண்டு விளக்கை இரண்டு பக்கமும் சாய்வாக வைத்து, எதிரே ஒரு வெள்ளைத் துணியைத் தொங்கவிடுங்கள். ராத்திரியில், ஜன்னலை மூடிக்கொண்டு எடுங்கள். பகல் வெளிச்சம் நிமிடத்துக்கு நிமிடம் மாறும், படத்தில் அது துடிப்பாகத் தெரியும். மின்விசிறியை நிறுத்துங்கள். வியர்வை தாங்காமல் நான் ஒரு நிமிடம் போட்டேன். 212ஆவது புகைப்படம் முடிந்திருந்தது. பிராட்வே முழுவதும் கட்டிலுக்கு அடியில் போய்விட்டது.

கைபேசியில் எக்ஸ்போஷர் (வெளிச்ச அளவு), ஃபோகஸ், வொயிட் பேலன்ஸ் (நிறச் சமன்) மூன்றையும் பூட்டியே ஆக வேண்டும். பூட்டாவிட்டால், சிவப்பு அதிகமாகும்போது கைபேசி தானாகவே அதைச் சரிக்கட்ட முயன்று மஞ்சளை வெளிற வைத்துவிடும். ஸ்டாப் மோஷன் செயலிகளில் முந்தைய படத்தை மங்கலாக மேலே காட்டும் வசதி உண்டு, அதைப் போட்டுக்கொள்ளுங்கள். திரையைத் தொட்டால் கேமரா அசையும்; இயர்போனின் ஒலி பட்டனை அமுக்கினால் பல கைபேசிகளில் படம் எடுக்கும்.

முழு ஓவியத்தையும் கட்ட முயலாதீர்கள் என்று கெஞ்சிக் கேட்டுக்கொள்கிறேன். கடைசி ஃபிரேமில் அசல் ஓவியம் அப்படியே வந்து நிற்கிற முடிவு எல்லோருக்கும் முதலில் தோன்றுவது. வந்த உடனே அதுவரை ஓடியதெல்லாம் வெறும் புதிர்ப்படம் ஆகிவிடும். நான் ஓவியத்தில் ஏறக்குறைய கால்வாசி அளவு பகுதியை, மூன்று படுக்கையும் இரண்டு நெடுக்கையும் மட்டும் எடுத்துக்கொண்டேன்.

மேசை பிடிக்காதவர்களுக்கு

தெருவில் இறங்கியும் செய்யலாம். ஜன்னல் கிரில், மாடிப்படிக் கைப்பிடி, சுவர் ஓடு, அடுக்கி வைத்த சோடாப் பெட்டிகள் என்று கட்டங்கள் எங்கும் இருக்கின்றன. நேர் எதிரே நின்று, தூரத்திலிருந்து, கேமராவை அசைக்காமல் எடுங்கள். சட்டகத்துக்குள் ஏதாவது ஒன்று மட்டும் படுக்கையாகவோ நெடுக்கையாகவோ நகரட்டும். அழகான கட்டங்களைச் சேகரித்து அடுக்குவதோடு நின்றுவிட்டால் அது வெறும் புகைப்படத் தொகுப்பு. சந்திப்புக் கேள்வியை இங்கேயும் கேளுங்கள்.

இன்னொரு வழி மரங்கள். 1908 தொடங்கி சில ஆண்டுகளில் சிவப்பு மரம், சாம்பல் மரம், பூத்த ஆப்பிள் மரம் என்று அவர் வரைந்தவற்றை வரிசையாக வைத்தால் மரம் கொஞ்சம் கொஞ்சமாகக் கோடாகிக்கொண்டே போகும். உடனே ஒரு மரத்தைக் கணினியில் உருமாற்றிக் கட்டமாக்கத் தோன்றும். வேண்டாம். அது பாடப்புத்தக விளக்கம். ஒரே மரத்தை ஒரே இடத்தில் நின்று அந்திப் பொழுதில் ஒரு மணி நேரம் எடுங்கள். வெளிச்சம் குறையக் குறைய இலை போய், கிளை போய், கடைசியில் கிளைகளுக்கு இடையிலிருக்கும் வானத்துண்டுகள் மட்டும் நிற்கும். சாம்பல் மரத்தில் அவர் சாயத்தைத் தடிப்பாக அப்பியிருப்பதும் அந்த இடைவெளிகளில்தான்.

மேசை வழிக்கும் தெரு வழிக்கும் முன்னோடிகள் உண்டு. சுவீடன் ஓவியர் விகிங் எகெலிங் முதலில் நீளமான தாள் சுருள்களில் உருவங்களை வரிசையாக வரைந்து பார்த்தார். சுருளில் காலம் அடங்காது என்று தெரிந்த பிறகு சினிமாவுக்கு வந்து 'சாய்கோட்டு சிம்பொனி'யைச் செய்தார். ஆண்டு 1924, மோண்ட்ரியன் சாய்கோட்டோடு சண்டைபோட்டுக்கொண்டிருந்த அதே சமயம். நம் நாட்டில் தையப் மேத்தா, கட்டிப்போட்ட காளையை ஆண்டுக்கணக்காக வரைந்தவர், 1970இல் ஃபிலிம்ஸ் டிவிஷனுக்காக ஒரு குறும்படம் எடுத்தபோது மும்பை பாந்த்ராவின் இறைச்சிக்கூடத்துக்குக் கேமராவோடு போனார். அதற்கு அவர் வைத்த பெயர் தமிழ்ச் சொல்: 'கூடல்'.

ஒலி

முதலில் ஒரு பூகி வூகி பியானோப் பதிவைப் போட்டுப் பார்த்தேன். ஒட்டியது, ரொம்பவே ஒட்டியது. ஒவ்வொரு சதுரமும் ஒவ்வொரு அடியில் விழ, குளிர்பான விளம்பரம்போல ஆகிவிட்டது. பதிவுக்கு உரிமை வாங்க வேண்டும், ஏற்றினால் தளமே கண்டுபிடித்து முடக்கும் என்பதெல்லாம் வேறு.

மேலே சொன்ன இரண்டாவது விஷயம் இங்கேதான் வருகிறது: மெட்டை உடைக்க வேண்டும் என்றால் மெட்டே வேண்டாம். டேப்பைச் சுருளிலிருந்து இழுக்கும்போது வரும் 'கிர்ர்' சத்தத்தைப் பதிந்தேன். மரப்பலகையில் இரும்பு அடிக்கோலால் தட்டிய சத்தம். பக்கத்து வீட்டு அக்காவின் தையல் மெஷின், அவர் அனுமதியோடு. அதுதான் இடது கை, நிற்காமல் ஓடும். கோடு நகரும்போது மெஷின், சதுரம் தோன்றும்போது அடிக்கோல். பத்தில் மூன்று தட்டைப் படத்துக்கு ஒரு கட்டம் முன்னாலோ பின்னாலோ நகர்த்தினேன். சந்திப்பில் மஞ்சள் தயங்கும்போது மெஷினும் நிற்கும். அந்த மௌனம் 5 ஃபிரேம்தான், ஆனால் காதுக்கு நன்றாகவே தெரியும்.

எடிட்டிங்கில் இரண்டே விஷயம்

டாவின்ச்சி ரிசால்வ் என்ற எடிட்டிங் மென்பொருளின் இலவசப் பதிப்பே தாராளம். 25 ஃபிரேம், சதுர டைம்லைன், படங்களை இறக்கி ஒவ்வொன்றுக்கும் 5 ஃபிரேம். நிறத்தை ஏற்றாதீர்கள், அசலிலேயே அந்த வெள்ளை சுத்த வெள்ளை இல்லை. கணினியில் ஏற்றிய சிவப்பு, ஓவியத்தை விட்டுச் செயலிச் சின்னத்தின் பக்கம் போய்விடும்.

இன்னொன்று பாதுகாப்பு. முழுத் திரையும் வினாடிக்கு மூன்று முறைக்கு மேல் பளிச்சிட்டு மாறினால் சிலருக்கு வலிப்பு வரக்கூடும், அதிலும் அடர்சிவப்பு மோசம். நம் வேகத்தில் வினாடிக்கு ஐந்து மாற்றம். சின்னச் சதுரங்கள் மாறுவதில் பிரச்சினை இல்லை, திரை முழுக்கச் சிவப்பும் வெள்ளையுமாக மாற்றிக்கொண்டே போகும் ஆசையை மட்டும் விட்டுவிடுங்கள்.

உரிமை

இந்தியச் சட்டப்படி ஓவியர் இறந்த ஆண்டுக்கு அடுத்த ஆண்டிலிருந்து 60 ஆண்டு பதிப்புரிமை. மோண்ட்ரியன் 1944இல் இறந்ததால் இங்கே 2004 முடிவோடு தீர்ந்தது. வெளிநாட்டு விழாவுக்கு அனுப்பினால் அந்த நாட்டுக் கணக்கு வேறாக இருக்கலாம், விழாவின் விதிமுறையைப் படித்துவிட்டு அனுப்புங்கள். அருங்காட்சியகம் எடுத்த புகைப்படத்தைப் படத்தில் காட்டினால் அதற்கும் தனி நிபந்தனைகள் இருக்கும். நாம் ஓவியத்தையே காட்டவில்லை என்பதால் இந்தத் தலைவலி பெரும்பாலும் இல்லை.

உள்ளூர் ஓவியரை எடுக்க ஆசைப்படுபவர்கள் கவனிக்க: சோழமண்டலம் ஓவியர் கிராமத்தை 1966இல் தொடங்கிய கே.சி.எஸ். பணிக்கரின் 'சொற்களும் குறியீடுகளும்' வரிசை இந்த வகைப் படத்துக்கு அருமையான பொருள். படிக்கவே முடியாத எழுத்துகள் ஓவியம் முழுக்க ஓடும். ஆனால் அவர் இறந்தது 1977; 2037 முடியும்வரை குடும்பத்தாரிடம் அனுமதி கேட்க வேண்டும். கேளுங்கள், கேட்பதில் குறைச்சல் ஒன்றுமில்லை.

யாருக்காவது போட்டுக் காட்டுங்கள்

ஓவியம் தெரிந்தவருக்கு முதலில் காட்டாதீர்கள். அவர் மோண்ட்ரியனைக் கண்டுபிடித்த சந்தோஷத்தில் படத்தைப் பார்க்க மாட்டார். பெயர், தலைப்பு எதுவும் சொல்லாமல், ஒலியை நிறுத்திவிட்டு, வீட்டில் சும்மா இருக்கும் ஒருவரை உட்காரவைத்து ஓட்டுங்கள். எப்படி இருந்தது என்று கேட்கக் கூடாது, "நல்லாருக்கு" என்பார்கள். நீங்கள் திரையைப் பார்க்காமல் அவர் முகத்தைப் பாருங்கள். கண் எந்த வினாடியில் திரையை விட்டு விலகுகிறது என்று குறியுங்கள்.

நான் அம்மாவை உட்காரவைத்தேன். 58ஆவது வினாடியில் அடுப்படிப் பக்கம் திரும்பினார், நாலைந்து வினாடி கழித்துத் திரும்பி வந்தார். முடிந்ததும் அவராகவே, "அந்த மஞ்சள் எப்பத்தான் போகும்னு பார்த்துட்டே இருந்தேன்" என்றார். அன்றைக்கு ராத்திரி 58இலிருந்து நாலு வினாடியை வெட்டினேன்.